அமெரிக்கக் கால்பந்தில் கோல் மழை: சாதனைப் பட்டியலை நீங்களே தயாரிப்பது எப்படி?

அமெரிக்கத் தொழில்முறைக் கால்பந்தில் (அங்கே அதை சாக்கர் என்பார்கள்) அதிக கோல் விழுந்த ஆட்டம் எது என்று கேட்டால் நாலு பேர் நாலு விடை சொல்வார்கள். நாலும் சரியாகவே இருக்கலாம். ஒருவர் இன்றைய முதன்மை லீக்கான எம்.எல்.எஸ்.ஸை (மேஜர் லீக் சாக்கர்) மட்டும் மனதில் வைத்திருப்பார், இன்னொருவர் பழைய என்.ஏ.எஸ்.எல். (வட அமெரிக்க சாக்கர் லீக்) காலத்தையும் சேர்த்திருப்பார், மூன்றாமவர் பெனால்டி ஷூட்-அவுட்டில் விழுந்ததையும் கூட்டியிருப்பார். எதை எண்ணினோம் என்பது தெளிவாக இல்லாத பட்டியல் எவ்வளவு நீளமாக இருந்தாலும் பயனில்லை. ஒரு விரிதாளும் (எக்ஸெல் அல்லது கூகுள் ஷீட்ஸ்) இரண்டு மணி நேரமும் இருந்தால் போதும், நம்பகமான பட்டியல் ஒன்றைத் தயாரித்துவிடலாம்.

படி 1: எந்த லீக் என்று முதலில் எழுதி வையுங்கள்

எம்.எல்.எஸ். 1996-இல் தொடங்கியது. அதற்கு முன் 1968 முதல் 1984 வரை என்.ஏ.எஸ்.எல். நடந்தது. பெலே, பெக்கன்பவர், கினாலியா எல்லாம் நியூயார்க் காஸ்மாஸுக்கு ஆடிய காலம் அது. பெண்களுக்கான என்.டபிள்யூ.எஸ்.எல். 2013 முதல் நடக்கிறது. இவை தவிர யு.எஸ். ஓபன் கோப்பை, லீக்ஸ் கோப்பை போன்ற போட்டிகளும் உண்டு.

புதியவர்கள் சறுக்கும் முதல் இடம் இதுதான். 2023 ஆகஸ்ட் 6 அன்று டல்லாஸும் இன்டர் மயாமியும் 4-4 என்று ஆடியதைப் பலர் எம்.எல்.எஸ். ஆட்டமாக எழுதிவிடுகிறார்கள். இரண்டும் எம்.எல்.எஸ். அணிகள்தான், ஆனால் அன்று ஆடியது லீக்ஸ் கோப்பையில். எனவே 'போட்டி' என்று தனி நெடுவரிசை கட்டாயம் வேண்டும். லீக் ஆட்டம், பிளே-ஆஃப் (லீக் ஆட்டங்கள் முடிந்த பின் பட்டத்துக்காக நடக்கும் சுற்று), கோப்பை ஆகிய மூன்றில் எது என்பதையும் அதிலேயே குறித்துவிடுங்கள்.

உள்ளரங்கக் கால்பந்தைத் தொடவே தொடாதீர்கள். அங்கே சில லீக்குகளில் தூரத்தைப் பொறுத்து ஒரு கோலுக்கு 2 புள்ளி, 3 புள்ளி என்று கொடுத்தார்கள். கூடைப்பந்து ஸ்கோர் போல வரும் அந்த எண்களை இங்கே கலந்தால் பட்டியல் குட்டிச்சுவர்தான்.

படி 2: 'அதிக கோல்' என்பதை நான்காகப் பிரியுங்கள்

இரு அணிகளும் சேர்ந்து அடித்த மொத்தம் ஒன்று. ஒரே அணி அடித்தது இரண்டாவது. வெற்றி வித்தியாசம் மூன்றாவது. தோற்ற அணி எத்தனை அடித்தும் தோற்றது என்பது நான்காவது. இந்தக் கடைசி அளவை யாரும் கண்டுகொள்வதில்லை. உண்மையில் விறுவிறுப்பான ஆட்டங்களை எடுத்துக் காட்டுவது அதுதான்.

1998 சீசனை எடுத்துக்கொள்ளுங்கள். அந்த ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் கேலக்ஸி கொலராடோ ரேபிட்ஸை 7-4 என்று வென்றது. மொத்தம் 11 கோல், எம்.எல்.எஸ். சாதனை. அதே ஆண்டு ஜூன் 4 அன்று டல்லாஸ் பர்னை 8-1 என்று நொறுக்கியது. மொத்தத்தில் 7-4 மேலே நிற்கும், வித்தியாசத்தில் 8-1. ஒரே அணி, ஒரே சீசன், ஆனால் அளவுகோலை மாற்றினால் முதலிடமும் மாறுகிறது.

படி 3: அட்டவணை போடுங்கள், ஸ்கோரை ஒரே கட்டத்தில் எழுதாதீர்கள்

வேண்டிய நெடுவரிசைகள்: தேதி, போட்டி, சொந்த மைதான அணி, அதன் கோல், வெளியூர் அணி, அதன் கோல், மொத்தம், வித்தியாசம், தோற்ற அணியின் கோல், முடிந்த விதம், குறிப்பு. ஆக 11. மொத்தத்துக்குக் கூட்டல் சூத்திரம், வித்தியாசத்துக்குக் கழித்து மைனஸ் குறியை நீக்கும் சூத்திரம், தோற்ற அணியின் கோலுக்கு இரண்டில் சிறியதை எடுக்கும் சூத்திரம் போடுங்கள். கையால் கூட்டி எழுதினால் நாற்பதாவது வரிசையில் எங்கோ ஒரு பிழை கட்டாயம் வரும்.

கோல்களை ஏன் இரண்டு கட்டங்களில் எழுத வேண்டும்? ஒரே கட்டத்தில் 7-4 என்று தட்டிப் பாருங்கள். விரிதாள் அதைத் தேதி என்று நினைத்து, உங்கள் அமைப்பைப் பொறுத்து ஏப்ரல் 7 என்றோ ஜூலை 4 என்றோ மாற்றிவிடும். 8-1 ஜனவரிக்கோ ஆகஸ்டுக்கோ போய்விடும். ஆனால் 7-0 அப்படியே நிற்கக்கூடும், ஏனென்றால் பூஜ்யம் என்ற நாளும் இல்லை, மாதமும் இல்லை. கடைசியில் பாதி கட்டங்கள் தேதியாகவும் பாதி எழுத்தாகவும் இருக்கும். வரிசைப்படுத்தியதும் எல்லாம் தாறுமாறாகிவிடும். பட்டியல் பெரிதான பிறகு இதைக் கண்டுபிடித்துத் திருத்துவது பெரிய தலைவலி.

படி 4: முதல் பத்து வரிசைகளை நிரப்புங்கள்

1998-இன் அந்த இரண்டு ஆட்டங்களோடு தொடங்குங்கள். அடுத்து 2000 ஆகஸ்ட் 26: டல்லாஸ் பர்ன் 4, மெட்ரோஸ்டார்ஸ் 6. மெட்ரோஸ்டார்ஸின் கிளின்ட் மேதிஸ் தனி ஆளாக 5 கோல் அடித்தது இதில்தான். 2001 ஜூலை 4: சிகாகோ ஃபயர் 7, கான்சஸ் சிட்டி விசார்ட்ஸ் 0. 2007 ஆகஸ்ட் 18: நியூயார்க் ரெட் புல்ஸ் 5, கேலக்ஸி 4. பெக்காம் எம்.எல்.எஸ்.ஸில் முதல்முறையாக ஆட்டத் தொடக்கத்திலிருந்தே களமிறங்கிய ஆட்டம் அது. ஜயன்ட்ஸ் ஸ்டேடியத்தில் 66,000 பேருக்கு மேல் திரண்டிருந்தார்கள்.

2016 மே 21: நியூயார்க் சிட்டி 0, ரெட் புல்ஸ் 7. 2019 மார்ச் 30: ஸ்போர்ட்டிங் கான்சஸ் சிட்டி 7, மான்ட்ரியால் இம்பாக்ட் 1. 2020 செப்டம்பர் 10: சியாட்டில் சவுண்டர்ஸ் 7, சான் ஹோசே 1. 2022 மே 14: போர்ட்லேண்ட் டிம்பர்ஸ் 7, ஸ்போர்ட்டிங் கான்சஸ் சிட்டி 2. 2024 மே 4: இன்டர் மயாமி 6, ரெட் புல்ஸ் 2.

இப்போது மொத்தத்தை வைத்து வரிசைப்படுத்துங்கள். 7-4 உச்சியில் நிற்கும். பிறகு வித்தியாசத்தை வைத்து வரிசைப்படுத்துங்கள். அதே 7-4 கடைசிப் பக்கம் சரிந்துவிடும். அதற்கும் கீழே இருப்பவை 6-4, 5-4 மட்டுமே. தோற்ற அணியின் கோலை வைத்து வரிசைப்படுத்தினால் அந்த மூன்றும் சேர்ந்து மேலே ஏறும். சூத்திரங்கள் சரியாக இருக்கின்றனவா என்று சோதிக்கவும் இதுவே வழி. இப்படி வராவிட்டால் எங்கோ எண்ணுக்குப் பதில் எழுத்து புகுந்திருக்கிறது.

ஒரு எச்சரிக்கை: அமெரிக்க விளையாட்டுச் செய்திகளில் வெளியூர் அணியை முதலில் எழுதும் பழக்கம் உண்டு. கால்பந்து உலகின் வழக்கமோ சொந்த மைதான அணியை முன்னால் போடுவது. மேதிஸ் ஆட்டத்தையும் 2016 ஆட்டத்தையும் இதனால் தலைகீழாக எழுதியவர்கள் ஏராளம். மைதானத்தின் பெயரைப் பார்த்த பிறகே எந்த அணி எந்தக் கட்டம் என்று முடிவு செய்யுங்கள்.

படி 5: ஷூட்-அவுட், கூடுதல் நேரம், இரு ஆட்டக் கூட்டு

மற்ற எல்லாப் படிகளையும் விட இங்கே நிதானம் தேவை.

டிரா என்பதே அமெரிக்க ரசிகர்களுக்குப் பிடிக்காது என்று நினைத்த பழைய லீக் நிர்வாகிகள், சமநிலையை உடைக்க ஒரு தனி ஷூட்-அவுட் முறையைக் கொண்டுவந்தார்கள். பந்தை கோலிலிருந்து 35 கெஜம் தள்ளி வைப்பார்கள். வீரர் 5 வினாடிக்குள் ஓட்டிக்கொண்டு போய், எதிரே வரும் கோல்கீப்பரைத் தாண்டி அடிக்க வேண்டும். என்.ஏ.எஸ்.எல். 1977-இல் தொடங்கிய இந்த முறையை எம்.எல்.எஸ். 1996 முதல் 1999 வரை பின்பற்றியது. எம்.எல்.எஸ்.ஸில் ஆட்ட நேரத்துக்குள் வென்றால் 3 புள்ளி, ஷூட்-அவுட்டில் வென்றால் 1 புள்ளிதான்.

சிக்கல் ஸ்கோரை எழுதும் விதத்தில். என்.ஏ.எஸ்.எல். பதிவுகளில் ஷூட்-அவுட்டில் வென்ற அணிக்கு ஒரு கோல் கூடுதலாகச் சேர்த்துவிடுவார்கள். 1981 இறுதி ஆட்டத்தில் சிகாகோ ஸ்டிங் காஸ்மாஸை 1-0 என்று வென்றதாக இருக்கும். உண்மையில் ஆட்டம் முழுக்க கோலே விழவில்லை. எனவே ஷூட்-அவுட் குறி உள்ள எந்த என்.ஏ.எஸ்.எல். ஸ்கோரிலும் வென்ற அணியிடமிருந்து ஒரு கோலைக் கழித்துவிட்டு, 'முடிந்த விதம்' கட்டத்தில் ஷூட்-அவுட் என்று எழுதுங்கள்.

கூடுதல் நேரத்தில் விழுந்த கோல் வேறு வகை. அது ஆட்டத்தின் கோல்தான், எண்ணலாம். 2003 நவம்பர் 9 பிளே-ஆஃபைப் பாருங்கள். முதல் ஆட்டத்தில் கேலக்ஸியிடம் 0-2 தோற்றிருந்த சான் ஹோசே எர்த்குவேக்ஸ், இரண்டாம் ஆட்டத்தில் முதல் கால் மணி நேரத்துக்குள் மேலும் 2 வாங்கிக்கொண்டது. இரு ஆட்டமும் சேர்ந்த கூட்டில் 0-4. அங்கிருந்து 4 கோல் திருப்பி, கூடுதல் நேரத்தில் ரோட்ரிகோ ஃபாரியாவின் தங்க கோலால் (விழுந்ததுமே ஆட்டத்தை முடித்துவிடும் கோல்) வென்றது. உங்கள் அட்டவணையில் இது சான் ஹோசே 5, கேலக்ஸி 2, மொத்தம் 7. இரண்டு ஆட்டமும் சேர்ந்த 5-4 என்ற கூட்டை எடுத்து 9 கோல் ஆட்டம் என்று எழுதிவிடக் கூடாது. கூட்டு குறிப்புக் கட்டத்துக்கு மட்டும்.

படி 6: பெயர் மாறிய அணிகள்

அன்றைய பெயரையே எழுதுங்கள், இன்றைய பெயரைக் குறிப்பில் போடுங்கள். டல்லாஸ் பர்ன் இன்று எஃப்.சி. டல்லாஸ். மெட்ரோஸ்டார்ஸ் 2006 முதல் நியூயார்க் ரெட் புல்ஸ். கான்சஸ் சிட்டி விசார்ட்ஸ் இப்போது ஸ்போர்ட்டிங் கான்சஸ் சிட்டி. மான்ட்ரியால் இம்பாக்ட் 2021 முதல் சி.எஃப். மான்ட்ரியால். பெண்கள் லீக்கில் ஸ்கை புளூ இன்று காத்தம்.

இதற்கு நேர்மாறான சிக்கலும் உண்டு: பெயர் ஒன்று, அணி வேறு. சியாட்டில் சவுண்டர்ஸ், போர்ட்லேண்ட் டிம்பர்ஸ், வான்கூவர் வைட்கேப்ஸ், சான் ஹோசே எர்த்குவேக்ஸ் என்ற நான்கு பெயர்களும் என்.ஏ.எஸ்.எல்.லிலும் இருந்தன, எம்.எல்.எஸ்.ஸிலும் இருக்கின்றன. பெயரை மட்டும் வைத்து வடிகட்டினால் 1970-களின் ஆட்டங்களும் இன்றைய ஆட்டங்களும் ஒன்றாகக் கொட்டும்.

படி 7: தேதியைத் திருத்துங்கள்

அமெரிக்காவில் மாதம் முதலில், நாள் பிறகு. 6/4/98 என்றால் ஜூன் 4. நம் கண்ணுக்கு அது ஏப்ரல் 6. நாள் 12-ஐத் தாண்டினால் தவறு உடனே தெரிந்துவிடும், தாண்டாவிட்டால் சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கும். மாதத்தை எழுத்தில் எழுதுவதே பாதுகாப்பு.

நேர வித்தியாசமும் உண்டு. கோடையில் நியூயார்க்கில் மாலை 7:30-க்குத் தொடங்கும் ஆட்டம் நமக்கு மறுநாள் காலை 5:00. லாஸ் ஏஞ்சலஸில் அதே 7:30 என்றால் காலை 8:00. நம்மூர்ச் செயலிகள் ஞாயிறு என்று காட்டும் ஆட்டம் அங்கே சனிக்கிழமை நடந்தது. மைதானம் இருக்கும் ஊரின் தேதியையே எடுங்கள்.

படி 8: கோல் அடித்தவர்களைக் கூட்டிச் சரிபாருங்கள்

ஒவ்வொரு வரிசைக்கும் கோல் அடித்தவர்களின் பட்டியலைத் தேடி எடுத்துக் கூட்டுங்கள். 2024 மே 4 ஆட்டத்தில் மயாமிக்கு சுவாரெஸ் 3, ரோஹாஸ் 2, மெஸ்ஸி 1, மொத்தம் 6. சரி. இந்த ஆறும் இரண்டாம் பாதியில் விழுந்தவை. அதில் ஐந்துக்கு பாஸ் கொடுத்தவரும் மெஸ்ஸிதான். கோலையும் பாஸையும் கூட்டி 'மெஸ்ஸி 6' என்று எழுதும் செய்தித் தலைப்புகளில் ஏமாறாதீர்கள்.

கூட்டியதில் ஒன்று குறைந்தால் முதலில் சேம் சைடு கோலைத் தேடுங்கள். அது எதிரணியின் கணக்கில் சேரும், அடித்த வீரரின் சாதனையில் சேராது.

படி 9: குறிப்புக் கட்டத்தில் காரணத்தை எழுதுங்கள்

சிவப்பு அட்டை எந்த நிமிடம், இடைவேளை ஸ்கோர் என்ன, மைதானம், வானிலை: இவ்வளவு போதும். 2016-இன் 7-0 நடந்த யாங்கி ஸ்டேடியம் ஒரு பேஸ்பால் அரங்கம். கால்பந்துக்குக் களம் குறுகல். அப்படிப்பட்ட இடத்தில் கார்னர், ஃப்ரீ கிக் பந்துகள் எளிதில் ஆபத்தாகிவிடும். 2017 மார்ச் 12 அன்று மினசோட்டா தன் முதல் எம்.எல்.எஸ். சொந்த மைதான ஆட்டத்திலேயே அட்லாண்டாவிடம் 1-6 தோற்றது கொட்டும் பனியில்.

விதிகளும் காரணமாகலாம். என்.ஏ.எஸ்.எல்.லில் வெற்றிக்கு 6 புள்ளி, அதோடு ஓர் அணி அடிக்கும் முதல் 3 கோல்களுக்குத் தலா 1 புள்ளி. 3-4 என்று தோற்றவர்களும் 3 புள்ளியோடு வீடு திரும்பினார்கள். அப்படி ஒரு லீக்கில் தற்காப்பாக ஆடுவதற்கு என்ன அவசியம்? 1977 ஆகஸ்ட் 14 பிளே-ஆஃபில் காஸ்மாஸ் 8, ஃபோர்ட் லாடர்டேல் ஸ்ட்ரைக்கர்ஸ் 3 என்று முடிந்தது. பார்த்தவர்கள் 77,691 பேர். 1980 ஆகஸ்ட் 31 அன்று காஸ்மாஸ் டல்சா அணியை 8-1 என்று வென்றபோது கினாலியா ஒருவரே 7 அடித்தார். இவை எம்.எல்.எஸ். வரிசைகளோடு கலக்காமல் தனித் தாளில் இருக்கட்டும்.

படி 10: சீசன் கணக்கைப் பக்கத்தில் வையுங்கள்

ஒரு நாள் அதிர்ஷ்டமா, அந்த அணியின் இயல்பே அதுவா என்று அறிய, சீசன் கோல்களை ஆட்டங்களால் வகுங்கள். 1998 கேலக்ஸி 32 ஆட்டங்களில் 85 கோல் அடித்தது, ஆட்டத்துக்கு 2.66. லாஸ் ஏஞ்சலஸின் இன்னொரு அணியான எல்.ஏ.எஃப்.சி. 2019-இல் அதே 85 அடித்தது, ஆனால் 34 ஆட்டங்களில், 2.50. சாதனை சமன் என்றுதான் எழுதுவார்கள். வகுத்துப் பார்த்தால் பழைய கேலக்ஸி ஒரு படி மேலே. 7-4, 8-1 இரண்டும் அந்த அணியிடமிருந்து வந்ததில் வியப்பில்லை.

இனிப் புதிய ஆட்டங்களைச் சேர்க்க ஒரு வரம்பு வையுங்கள். மொத்தம் 8 அல்லது அதற்கு மேல், இல்லையென்றால் வித்தியாசம் 6 அல்லது அதற்கு மேல். பெண்கள் லீக்குக்கும் இதே வரம்பு பொருந்தும்: 2024 மார்ச் 16 அன்று கான்சஸ் சிட்டி கரன்ட் தன் புதிய மைதானத்தின் முதல் ஆட்டத்தில் போர்ட்லேண்ட் தார்ன்ஸை வென்ற 5-4 நேராக உள்ளே வரும். 2018 மார்ச் 31 அன்று 0-3 பின்தங்கியிருந்த கேலக்ஸியை மாற்று வீரராக வந்த ஸ்லாட்டன் இப்ராஹிமோவிச் 4-3 என்று தூக்கி நிறுத்திய ஆட்டம் இந்த வரம்பில் வராது. மனம் கேட்காவிட்டால் 'திரும்பி வந்தவை' என்று இன்னொரு தாள் திறந்துகொள்ளுங்கள். வரம்பை மட்டும் தளர்த்தாதீர்கள்.