லுத்தரன் என்று எழுதுவதற்கு முன்: வன்னியில் பழைய தேவாலயங்களைப் பதிவு செய்வோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

சென்ற ஆவணியில், பல்கலைக்கழக விடுமுறைக்கு வந்திருந்த மூன்று இளைஞர்கள், வன்னியில் தாங்கள் அளந்து வரைந்த பழைய தேவாலயங்களின் குறிப்புப் புத்தகத்தை என்னிடம் கொண்டுவந்து காட்டினார்கள். அளவுகள் சுத்தமாக இருந்தன. கதவு, சாளரம், வளைவு எல்லாம் பென்சிலில் நிதானமாக வரையப்பட்டிருந்தன. நான்காம் பக்கத்தைப் புரட்டியபோது, தலைப்பில் "ஒல்லாந்தர் காலத்து லுத்தரன் தேவாலயம்" என்று இருந்தது. இருபது வருடங்களுக்கு முன் நான் என் கைப்பட எழுதி, ஊரார் முன்னிலையில் தலைகுனிந்த அதே வரி அது. பிள்ளைகளைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அதனால்தான் இதை எழுதுகிறேன். லுத்தரன் என்றால், ஜெர்மானியச் சீர்திருத்தவாதி மார்ட்டின் லுத்தரின் வழிவந்த புரட்டஸ்தாந்து சபை.

நாடாவை இழுத்துப் பிடிப்பது, படத்தில் அளவுகோல் வைப்பது, எழுத்துப் பிழை பார்ப்பது போன்றவற்றை யாரும் இரண்டாம் நாளே கற்றுக்கொள்வார்கள் என்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன்.

ஒல்லாந்தர் கட்டியதெல்லாம் லுத்தரன் என்று எண்ணுவது

இதுதான் எனக்கு இன்றும் எரிச்சலூட்டும் தவறு; எனவே கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும்.

2002 இல் ஏ9 பாதை திறந்தபின், சமாதான காலத்தில், முல்லைத்தீவுக் கரையோரக் கிராமம் ஒன்றுக்கு மக்கள் திரும்பி வந்துகொண்டிருந்தார்கள். அங்கே கூரை போய், முருகைக்கற் சுவர்கள் மட்டும் நின்ற ஒரு சிறிய தேவாலயம் இருந்தது. போதகர் எவரும் பல வருடங்களாக அங்கு இருக்கவில்லை. என்னை அழைத்துச் சென்ற இளந்தலைமுறையினர் அதை "சேர்ச்" என்றார்கள். அயலவர்கள் "வேதக்காரரின் கோயில்" என்றார்கள். "ஒல்லாந்தர் காலத்தது" என்பதை மட்டும் எல்லோரும் ஒரே குரலில் சொன்னார்கள். நான் உள்ளே போய்ப் பார்த்தேன். தரைப்படம் சிலுவை வடிவில் இருந்தது. சுவரில் சுரூபம் வைக்கும் மாடம் ஒன்றுகூட இல்லை. கத்தோலிக்கம் இல்லை என்று முடிவு செய்தேன், அதுவரை சரி. அதற்கு அடுத்த படியில்தான் வழுக்கினேன்.

அந்நாளில் என் தலைக்குள் 1706 என்ற ஆண்டு ஆணியடித்தாற்போல் இருந்தது. அந்த ஆண்டு ஜூலையில் சீகன்பால்குவும் புளூச்சோவும் தென்மார்க்கு அரசனின் அனுப்புதலில் தரங்கம்பாடியில் வந்திறங்கினார்கள். தமிழ் லுத்தரன் வரலாறு அங்கிருந்துதான் தொடங்குகிறது. அதே 1706 இல்தான் யாழ்ப்பாணக் கோட்டைக்குள் ஒல்லாந்தரின் சிலுவைக் கோயிலும் எழுந்தது. சீகன்பால்கு 1718 இல் கட்டி முடித்த புதிய எருசலேம் ஆலயமும் சிலுவை வடிவம். ஒரே ஆண்டு, ஒரே வடிவம், இடையில் ஒரு முழக் கடல் என்று நானே ஒரு முடிச்சைப் போட்டுக்கொண்டு, யாழ்ப்பாணக் கோட்டைக் கோயிலையும் அதைப் பார்த்துக் கட்டியதாக நான் நினைத்த இந்தச் சிறு கோயிலையும் லுத்தரன் என்று எழுதிவிட்டேன்.

உண்மை வேறு. 1658 இல் மன்னாரையும் யாழ்ப்பாணத்தையும் போர்த்துக்கேயரிடமிருந்து பிடித்த ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனி கொண்டுவந்தது, லுத்தரிலிருந்து வேறுபட்ட கல்வின் என்ற சீர்திருத்தவாதியின் வழிவந்த சீர்திருத்தத் திருச்சபை. நம்முடைய பழைய சரித்திர நூல்களில் வரும் "இறப்பிறமாது சமயம்" என்ற சொல் இதைத்தான் குறிக்கிறது. சீர்திருத்தப்பட்டது என்னும் பொருளுள்ள போர்த்துக்கேயச் சொல் நம் நாவில் அப்படித் திரிந்தது. 1658 இல் யாழ்ப்பாணம் வந்து, 1672 இல் அப்பகுதிக் கோயில்களின் படங்களோடு நூல் வெளியிட்ட பால்டேயசும் இறப்பிறமாதுப் போதகரே. கம்பனியின் சிப்பாய்களுள் ஜெர்மானிய லுத்தரன்கள் நிறையப் பேர் இருந்தார்கள் என்பது மெய்தான்; ஆனால் கம்பனி தன் ஆட்சிப் பகுதிகளில் அவர்களுக்குத் தனிக்கோயில் கட்ட நெடுங்காலம் இடம் கொடுக்கவில்லை. அதன் ஆசியத் தலைநகரான பத்தாவியாவிலேயே (இன்றைய ஜகார்த்தா) 1740களில்தான் அந்த அனுமதி கிடைத்தது. அங்கேயே அந்த நிலைமை என்றால், முல்லைத்தீவுக் கரையில் யார் கட்டியிருப்பார்கள்?

தென்மார்க்கினர் இலங்கைக்கும் வந்தார்கள் என்று இளைஞர்களில் ஒருவர் என்னோடு வாதாடினார். வந்தார்கள், 1620 இல் திருகோணமலைக்கு. நிலைக்கவில்லை. தரங்கம்பாடியில் அதே ஆண்டு எழுந்த டான்ஸ்போர்க் கோட்டைதான் அவர்களுக்குத் தங்கியது. 1760 இல் லுத்தரன் போதகரான சுவார்ட்ஸ் யாழ்ப்பாணம் வந்து போனதையும் ஆதாரமாகக் காட்டுவார்கள். விருந்தாளி பிரசங்கித்தால் வீடு அவருடையது ஆகிவிடாது.

இனி என் கதைக்கு வருகிறேன். அந்தத் தேவாலயத்தைத் திருத்துவதற்காக, லுத்தரன் நிதியிலிருந்து உதவும் வெளிநாட்டு அமைப்பு ஒன்றுக்கு விண்ணப்பம் எழுதினோம். எழுதினோம் என்ன, நான்தான் எழுதினேன். படம் வரையத் தெரிந்தவன், நாலு புத்தகம் படித்தவன் என்று ஊரார் என்னை நம்பினார்கள். எந்த லுத்தரன் சபையைச் சேர்ந்தது, எந்தப் பேராயரின் கீழுள்ளது என்று கேட்டு மறுகடிதம் வந்தது. அப்போதாவது நின்று யோசித்திருக்கலாம். நானோ தரங்கம்பாடியைச் சுற்றி மூன்று பக்கத்துக்கு வரலாறு எழுதி அனுப்பினேன். எட்டு மாதம் கழித்து, பொருந்தாது என்ற ஒற்றை வரியோடு கோப்பு திரும்பி வந்தது. அதற்குள் மாரி பிடித்துவிட்டது. முட்டுக் கொடுக்காமல் விட்டிருந்த வடக்குச் சுவர், சுண்ணாம்புச் சாந்து ஊறிக் கரைய, ஓர் இரவில் உள்பக்கமாக விழுந்தது. அந்தக் கட்டடம் பிறகு 2009 இல் பட்ட பாடு வேறு கதை.

சுவர் விழுந்த மறுநாள் பார்க்கப் போனேன். எதிர் வளவில் இருந்த ஓர் ஆச்சி, கற்குவியலைப் பார்த்துக்கொண்டு நின்றவர், "என்ன கோயில் எண்டு தெரியாமலே தம்பி கடிதம் எழுதினனீங்கள்?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனார். தகரப் பெட்டியிலிருந்து ஒரு சொப்பிங் பையை எடுத்து வந்தார். அதற்குள் இன்னொரு பை. அதற்குள் நான்காக மடித்த ஒரு ஞானஸ்நானப் பத்திரம். மடிப்புகளில் தாள் தேய்ந்து வெளிச்சம் தெரிந்தது. போதகரின் கையொப்பம் மையில் ஊறிப் பரவியிருந்தது. ஆனால் மேலே அச்சடித்த தலைப்பு அப்படியே இருந்தது: மெதடிஸ்த திருச்சபை, அதன் கீழே சேகரத்தின் பெயர். நாலு இடப்பெயர்வுக்கும் அந்தப் பையைத் தூக்கிக்கொண்டு ஓடியவர் அவர். "என்னட்டை ஒருத்தரும் கேக்கேல்லையே" என்றார். எட்டு மாதமாக அவருடைய வேலியோரமாகத்தான் சைக்கிளை நிறுத்திவந்தேன்.

ஆச்சியிடம் கேட்பதுதான் முதல் வேலை. சுவரைப் பார்ப்பது அதற்குப் பிறகு. ஞானஸ்நானப் பத்திரம், விவாகப் பதிவு, சேமக்காலைக் (கல்லறைத் தோட்டக்) கற்கள், மணியில் வார்த்த எழுத்து ஆகிய நான்கையும் பார்த்து முடிக்காமல் திருச்சபையின் பெயரைத் தலைப்பில் எழுதாதீர்கள். எழுதியே ஆகவேண்டும் என்றால் "கத்தோலிக்கம் அல்லாத தேவாலயம்" என்று எழுதி நிறுத்துங்கள்.

பீடத்தையும் மேசையையும் ஒன்றாக எழுதுவது

உட்புற அமைப்பைப் பார்த்துச் சபையை அறியலாமா என்று கேட்பார்கள். ஓரளவுக்கு அறியலாம். சுரூபம், சிலுவை, மெழுகுதிரி முதலியவற்றைக் கட்டளையும் இல்லாத, தடையும் இல்லாத விஷயங்களாக லுத்தர் கருதியபடியால், 1522 இல் விற்றன்பேர்க்கில் படங்களை உடைக்கப் புறப்பட்டவர்களைப் பிரசங்கித்து அடக்கினார். அதனால் லுத்தரன் கோயிலில் பலிபீடம் நடுவே நிற்கும். அதன்மேல் அறையுண்ட உருவத்தோடு கூடிய சிலுவையும் இருபக்கமும் திரிகளும் இருக்கலாம். இறப்பிறமாதுக் கோயிலில் பலிபீடம் இல்லை. திருவிருந்துக்கு ஒரு மேசை, கண்ணெல்லாம் போய் நிற்கும்படி உயர்ந்த பிரசங்க பீடம், வெள்ளையடித்த வெறும் சுவர், தரையில் குடும்பச் சின்னங்கள் செதுக்கிய கல்லறைப் பலகைகள். நீங்கள் வரைபடத்தில் இரண்டையும் "பீடம்" என்று குறித்தால், அடுத்து வாசிப்பவருக்கு ஒன்றும் விளங்காது.

ஆனால் பிரசங்க பீடத்தின் இடத்தை மட்டும் வைத்துத் தீர்ப்புச் சொல்ல வேண்டாம். லுத்தரன் வழிபாட்டுக்கென்றே கட்டப்பட்டு, 1544 இல் லுத்தரே திறந்துவைத்த, ஜெர்மனியின் தோர்காவ் அரண்மனைக் கோயிலில், பிரசங்க பீடம் நீண்ட சுவரின் நடுவில் இருக்கிறது. பிற்காலத்து ஜெர்மானியக் கோயில்கள் சிலவற்றில் பலிபீடத்துக்கு மேலேயே அதை ஏற்றிவைத்தார்கள்.

இதைவிட எனக்குக் கைகொடுத்த அடையாளம் ஒன்று உண்டு. சுவரில் பத்துக் கற்பனைகள் எழுதிய பலகை இருந்தால், இரண்டாம் கற்பனையை வாசியுங்கள். "விக்கிரகத்தை உண்டாக்க வேண்டாம்" என்பது இரண்டாவதாக நின்றால், அது இறப்பிறமாது, அங்கிலிக்கன், மெதடிஸ்த மரபு. கர்த்தருடைய நாமத்தை வீணில் வழங்காதிருப்பது இரண்டாவதாக வந்தால், அது கத்தோலிக்கரும் லுத்தரன்களும் எண்ணும் முறை. சிலுவை வடிவத்தைப் பார்த்து ஏமாந்த எனக்கு, இதைக் கற்றுக்கொள்ளப் பத்து வருடம் பிடித்தது.

புனிதர் பெயரைக் கண்டதும் கத்தோலிக்கம் என்பது

லைப்சிக் நகரின் புனித தோமையார் ஆலயம் லுத்தரன்.

பெயர்ப் பலகையை முழுதாக வாசிக்காதது

"தென்னிந்தியத் திருச்சபை யாழ். ஆதீனம்" என்ற பலகையைக் கண்டு, தென்னிந்தியா என்றால் தரங்கம்பாடி, தரங்கம்பாடி என்றால் லுத்தரன் என்று கணக்குப் போட்ட ஒருவரை எனக்குத் தெரியும். 1947 இல் தென்னிந்தியத் திருச்சபை ஒன்றாக இணைந்தபோது லுத்தரன்கள் அதில் சேரவில்லை. யாழ். ஆதீனத்தின் வேர் 1816 இல் வந்த அமெரிக்க மிசனில் இருக்கிறது. தமிழகத்திலோ 1919 இல் உருவான தமிழ் சுவிசேஷ லுத்தரன் திருச்சபை தனியாகவே நிற்கிறது. அதன் தலைவருக்குத் தரங்கம்பாடிப் பேராயர் என்று பெயர், அவர் இருப்பது திருச்சிராப்பள்ளியில். கட்டியவரும் இன்று வழிபடுபவரும் ஒருவராக இருக்க வேண்டிய அவசியமும் இல்லை: தரங்கம்பாடியில் தென்மார்க்கினர் தமக்காக 1701 இல் கட்டிய சீயோன் ஆலயம் இன்று தென்னிந்தியத் திருச்சபையின் கையில் இருக்கிறது. ஆகவே குறிப்பில் இரண்டு வரி தேவை. கட்டிய சபைக்கு ஒன்று, இன்றைய சபைக்கு ஒன்று.

எல்லாவற்றையும் ஒல்லாந்தர் தலையில் கட்டுவது

உள்வன்னி வெகுகாலம் யானைகளைத் திறையாகக் கொடுத்த வன்னியர் கையில் இருந்தது. ஒல்லாந்தரின் கட்டடங்களைப் பூநகரி, முல்லைத்தீவு, மன்னார் என்று கோட்டைகளை ஒட்டித் தேடுங்கள். கிளிநொச்சிப் பக்கத்துத் தேவாலயங்களில் பெரும்பாலானவை இரணைமடுக் குளத்தையும் குடியேற்றத் திட்டங்களையும் தொடர்ந்து வந்த இருபதாம் நூற்றாண்டுக் கட்டடங்கள். சீமெந்துக் கல்லைப் பூச்சுக்குக் கீழே கண்டபிறகும் "1700 அளவில்" என்று எழுதுகிறவர்களுக்கு என்ன சொல்வது?

அடிக்கல்லின் ஆண்டு

சபை தொடங்கிய ஆண்டா, கட்டடம் எழுந்த ஆண்டா, திருத்திய ஆண்டா என்று கேளுங்கள்.

கிழக்கு

தேவாலயம் கிழக்கு நோக்கித்தான் இருக்கும் என்று ஊகிக்காதீர்கள், திசைகாட்டி வைத்துப் பாருங்கள்.

லுத்தரனைக் கட்டடத்தில் மட்டும் தேடுவது

இலங்கையில் தமிழ் லுத்தரன்களைத் தேடுகிறவர் மலையகத்துக்குத்தான் போக வேண்டும். 1920களின் பிற்பகுதியில், இந்தியாவில் ஊழியம் செய்த அமெரிக்க லுத்தரன் மிசன் அங்கே தோட்டத் தமிழரிடையே பணியைத் தொடங்கியது. 1958, 1977 கலவரங்களுக்குப் பின் மலையகத்திலிருந்து வவுனியா, கிளிநொச்சிப் பக்கம் வந்து காடு வெட்டிக் குடியேறியவர்கள் பலர் என்பதை மறந்துவிட்டு, நான் பல வருடம் கோட்டைச் சுவர்களையே சுற்றிக்கொண்டிருந்தேன்.

வவுனியாவுக்கு மேற்கே அப்படியான ஒரு குடியேற்றத்தில், வேறொரு வேலையாகப் போனபோது, ஒரு வீட்டு விறாந்தையில் மழைக்காக ஒதுங்கினேன். உள்ளே சுவரோரம் ஒரு மேசை. வெள்ளைத் துணி விரித்து, நடுவில் உருவத்தோடு கூடிய மரச் சிலுவை, இருபக்கமும் அரைவாசி எரிந்த திரிகள். பக்கத்தில், முதுகு பிய்ந்து நூலால் தைத்த ஒரு ஞானோபதேசப் புத்தகம். வீட்டுக்காரரிடம் கேட்டு அதைத் திறந்தேன். இரண்டாம் கற்பனை நாமத்தைப் பற்றியது. அவருடைய தாத்தா தோட்டத்திலிருந்து கொண்டுவந்த புத்தகமாம். ஞாயிறு காலையில் மூன்று குடும்பம் அந்த அறையில் கூடுமாம். அவரிடம் அனுமதி கேட்டு நாடாவை எடுத்தேன். மேசையின் நீளம் மூன்றடி ஒன்பது அங்குலம், அகலம் இரண்டடி. வன்னியில் நான் லுத்தரன் என்று தலைப்பிட்டு வரைந்த ஒரே படம் அந்த மேசையினுடையது.