வீட்டு வழக்கும் ஈ.பி. கனெக்‌ஷனும்: பலரும் சறுக்கும் இடங்கள்

பாகப்பிரிவினை வழக்கு நடக்கிற வீடுகளில் பல சமயம் முதலில் காணாமல் போவது பீஸ் கட்டைதான். நான் பார்த்த ஒரு வீட்டில், அண்ணன்காரர் தாழ்வாரத்து மீட்டர் போர்டிலிருந்து வெள்ளைப் பீங்கான் கட்டையை உருவிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வெளியூர் போய்விட்டார். பின்கட்டில் குடியிருந்த தம்பி குடும்பம் நாலு நாள் மெழுகுவர்த்தியோடு ஓட்டியது. ஐந்தாம் நாள் தம்பி, பக்கத்து வீட்டு ஜன்னல் வழியாக ஒரு வயரை இழுத்து ஃபேனைச் சுற்றவிட்டார்.

அண்ணன் செய்தது அடாவடி. தம்பி செய்தது தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டது. ஒரு வீட்டுக்குக் கொடுத்த மின்சாரத்தை இன்னொரு வீட்டில் பயன்படுத்தினால், 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 126வது பிரிவில் அது அனுமதியில்லாப் பயன்பாடு. கட்டணத்தை இரண்டு மடங்காகக் கணக்கிடுவார்கள். அந்த பில், பாவம் பார்த்து வயர் கொடுத்தவர் வீட்டுக்கே போகும். ஈ.பி.காரர்கள் துண்டித்த லைனை நாமே சேர்த்துக்கொள்வது இன்னும் மோசம். 138வது பிரிவில் மூன்று ஆண்டு வரை சிறை, 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

அடுத்த தவறு, தன் பேரில் கனெக்‌ஷன் கேட்டுப் போகும் ஏ.இ. (மின்வாரிய உதவிப் பொறியாளர்) ஆபீஸில் நடக்கிறது. தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, நாற்பது பக்கப் பிராது எல்லாவற்றையும் மேசையில் பரப்பி, ‘சொத்து எங்களுடையதுதான் சார்’ என்று வாதாடத் தொடங்குவார்கள். அதைத் தீர்ப்பது அவர் வேலையே இல்லை. ‘அப்படின்னா கேஸ் முடிஞ்சதும் வாங்க’ என்று அனுப்பிவிடுவார். மின்சாரச் சட்டத்தின் 43வது பிரிவு, உரிமையாளர் கேட்டாலும் குடியிருப்பவர் கேட்டாலும் மின்சாரம் கொடுக்கச் சொல்கிறது. 2022 மே மாதம் திலீப் எதிர் சதீஷ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் தெளிவாகச் சொன்னது: மின்சாரம் அடிப்படைத் தேவை, வீட்டுக்காரர் என்.ஓ.சி. (ஆட்சேபணை இல்லை என்னும் கடிதம்) தரவில்லை என்பதற்காக வாடகைதாரருக்கு அதை மறுக்கக்கூடாது. விண்ணப்பித்தவர் அங்கே குடியிருக்கிறாரா என்று மட்டும் பார்த்தால் போதும். ஆகவே கொண்டுபோக வேண்டியது குடியிருப்பைக் காட்டும் காகிதங்கள்: வாடகை ஒப்பந்தம், வாடகை ரசீது, ரேஷன் கார்டு, சமையல் கேஸ் பில், வீட்டு வரி ரசீது.

தமிழ்நாட்டு மின் பகிர்மான விதித்தொகுப்பிலேயே இதற்கு வழி இருக்கிறது. உரிமையாளர் சம்மதக் கடிதம் தர மறுத்தால், சட்டப்படி குடியிருப்பதற்கான சான்றோடு ஈட்டுறுதிப் பத்திரம் (இதனால் மின்வாரியத்துக்கு நஷ்டம் வந்தால் நானே பொறுப்பு என்னும் உறுதிமொழி) எழுதிக் கொடுத்து, டெபாசிட்டை இரு மடங்காகக் கட்ட வேண்டும். இது தெரியாமல் என்.ஓ.சி. கேட்டு எதிர்த்தரப்பின் வாசலில் மாதக்கணக்கில் நிற்பவர்கள் ஏராளம். சட்டப்படி என்கிற சொல்லைக் கவனியுங்கள். காலி செய்யச் சொல்லித் தீர்ப்பு வந்துவிட்டாலோ, கோர்ட் ஸ்டே கொடுத்திருந்தாலோ கதை வேறு. முதலில் வக்கீலைப் பாருங்கள்.

வாய்ப்பேச்சை நம்பித் திரும்பி வருவது இன்னொரு சறுக்கல். ‘முடியாதுன்னு சொல்லிட்டாங்க’ என்பார்கள். மனு எண் கேட்டால் இருக்காது. விண்ணப்பம் பதிவானால்தான் 43வது பிரிவின் ஒரு மாதக் கெடு ஓடத் தொடங்கும். கெடு தவறினால் நாளொன்றுக்கு 1,000 ரூபாய் வரை அபராதத்துக்கு இடமுண்டு. மறுத்தால் காரணத்தை எழுத்தில் வாங்கிக்கொண்டு மின் நுகர்வோர் குறைதீர் மன்றத்துக்குப் போங்கள். அங்கும் தீராவிட்டால் மின்குறை தீர்ப்பாளர் (ஆம்புட்ஸ்மன்) இருக்கிறார்.

‘ஈ.பி. கார்டு அவன் பேரில்தானே இருக்கு, அவனே கட்டட்டும்’ என்று பில்லை விட்டுவிடுபவர்களும் உண்டு. அப்படி விட்டால் 15 நாள் நோட்டீஸ் கொடுத்து முறைப்படியே துண்டித்துவிடலாம். பிறகு யாரைக் குறை சொல்வது? இணைப்பு எண் தெரிந்தால் யார் வேண்டுமானாலும் பணம் கட்டலாம். கட்டி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். நீங்கள்தான் குடியிருக்கிறீர்கள் என்பதற்கு அதுவும் ஒரு சாட்சி.

கரண்டை நிறுத்தினால் தானே கிளம்புவார்கள் என்று நினைக்கும் வீட்டுக்காரர்களுக்கும் ஒரு வார்த்தை. தமிழ்நாட்டின் 2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம், தண்ணீர், மின்சாரம் போன்ற அத்தியாவசிய வசதிகளை வீட்டுக்காரர் நிறுத்தக்கூடாது என்கிறது. வாடகைதாரர் மனுப் போட்டால், விசாரணை முடியும் முன்பே திரும்பக் கொடுக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு வரலாம்.

இந்த அடாவடிக்கெல்லாம் பின்னால் இருப்பது ஒரே பயம்: அவன் பேரில் மீட்டர் வந்துவிட்டால் வீடே அவனுக்குப் போய்விடும். ஈ.பி. கார்டு குடியிருப்பைக் காட்டலாமே தவிர, அது பட்டாவும் அல்ல, பத்திரமும் அல்ல. அப்படியும் மனசு கேட்காவிட்டால், சம்மதக் கடிதத்திலேயே ‘சொத்தின் மீதான என் உரிமைக்கும் நிலுவையில் உள்ள வழக்குக்கும் பாதகமில்லாமல் சம்மதிக்கிறேன்’ என்று எழுதி, வழக்கு எண்ணையும் குறிப்பிட்டு ஏ.இ.யிடம் கொடுங்கள். சீல் வைத்த நகல் ஒன்று உங்கள் வக்கீலின் கேஸ் கட்டுக்குள் இருக்கட்டும்.