கற்பனை உலகத்துக்கு நாட்காட்டி: மிச்சத்தில் கை வையுங்கள்

மாதப் பெயர்களில் தொடங்காதீர்கள். பன்னிரண்டு அழகான பெயர், மாதத்துக்கு முப்பது நாள், வாரத்துக்கு ஏழு கிழமை என்று போட்ட நாட்காட்டி பார்க்க ஒழுங்காக இருக்கும். நாலு அத்தியாயம் தாண்டினால் எதற்கும் உதவாது. வானத்தில் எதுவும் எதற்குள்ளும் சரியாக வகுபடுவதில்லை. நம் ஆண்டு 365.2422 நாள், அமாவாசைக்கு அமாவாசை 29.53 நாள். லீப் நாளும், சில ஆண்டுகளில் பதின்மூன்றாவதாகச் சேர்க்கும் அதிக மாதமும், வகுத்தது போக மிஞ்சியதை எங்கே வைப்பது என்ற தகராறில் பிறந்தவை. உங்கள் உலகத்துக்கும் முதலில் வேண்டியது அந்த மிச்சம்தான்.

ஆகவே முதலில் இரண்டு எண்கள்: ஆண்டின் நீளம், பௌர்ணமிக்குப் பௌர்ணமி இடைவெளி. இரண்டிலும் ஒரு தசமம் போதும். அதற்கு மேல் போனால் கணக்கு உங்களையே துரத்தும். இங்கே மாதிரிக்கு ஆண்டு 388.4 நாள், நிலவு 31.2 நாள் என்று வைத்துக்கொள்வோம். ஆண்டை ரொம்ப நீட்டாதீர்கள். 388.4 நாளில் முப்பது வயதுக்காரர் நம் கணக்கில் 32ஐ நெருங்குகிறார், யாருக்கும் உறுத்தாது. 600 நாள் வைத்தால் ‘பதினைந்து வயதுப் பெண்’ நம் கணக்கில் 24ஐத் தாண்டியவள். வாசகர் மனதில் நிற்கப்போவது பள்ளிக்கூடப் பிள்ளைதான்.

அடுத்து, அந்த ஊர் எதைப் பார்த்து நடக்கிறது? 12 நிலவு 374.4 நாள், ஆண்டுக்கு 14 நாள் குறைகிறது. குறையட்டும் என்று விட்டால் பண்டிகைகள் எல்லாப் பருவத்தையும் சுற்றி ஏறத்தாழ 27 ஆண்டில் பழைய இடத்துக்கு வரும். ரம்ஜான் நம் ஊரில் கோடையிலும் மழையிலும் மாறி மாறி வருவதும் இதனால்தான். ரம்ஜான் கணக்கில் குறைவது 11 நாள். விடமாட்டோம் என்றால் 20 ஆண்டில் 9 அதிக மாதம் சேர்க்க வேண்டும். அப்போது 249 நிலவு 7,768.8 நாள், 20 ஆண்டு 7,768 நாள். 25 ஆண்டுக்கு ஒரு நாள்தான் பிசகும். எந்த ஆண்டில் சேர்ப்பது என்று அறிவிக்கும் அதிகாரம் யார் கையில் என்பதை மட்டும் எழுதி வையுங்கள். வரியும் வட்டியும் மாதக் கணக்கில் ஓடும் ஊரில் அது சாதாரண அதிகாரம் அல்ல.

உழவர்கள் நாட்டுக்குச் சூரிய மாதம் எளிது. 32 நாளில் 12 மாதம் வைத்தால் 384. மீதி 4 நாளை 3, 6, 9, 12ஆம் மாதங்களின் முடிவில் எந்த மாதத்திலும் சேராத நாட்களாக நிறுத்துங்கள். பழைய எகிப்தியர் 30 நாளில் 12 மாதம் போட்டு மீதி 5 நாளை ஆண்டின் கடைசியில் இப்படித் தனியே வைத்தார்கள். 0.4க்கு ஐந்து ஆண்டில் இரண்டு லீப் நாள்: ஆண்டு எண் 3, 5, 8, 0 என்று முடிந்தால், ஆண்டின் கடைசியில் ஒரு நாள் கூடுதல்.

வாரத்தை எட்டு நாளாக்கினால் மாதம் நாலு வாரமாக அழகாக உட்காரும். ஆனால் அந்த நாலு தனி நாளுக்கும் லீப் நாளுக்கும் கிழமை உண்டா? இல்லை என்றால் ஒவ்வொரு தேதிக்கும் என்றைக்கும் ஒரே கிழமை, எழுதுகிறவருக்குச் சுகம். மக்கள் ஏற்பார்களா என்பது வேறு. பிரெஞ்சுப் புரட்சியின் பத்து நாள் வாரம் நிலைக்கவில்லை. சோவியத் நாட்டில் 1929இல் கொண்டுவந்த ஐந்து நாள் வாரம் 1931இல் ஆறு நாளாகி, 1940இல் பழைய ஏழுக்கே திரும்பியது. வழிபாட்டு நாளில் கைவைத்தால் கலகம் வரும், உங்கள் கதைக்கு அது தேவைப்படவும் கூடும்.

இனி, எல்லாரும் தவறவிடும் வேலை. பஞ்சாங்கக்காரர்கள் கலியுகத் தொடக்கத்திலிருந்து நாளை எண்ணிக்கொண்டே வருவதுபோல, உங்கள் உலகத்துக்கும் ஒரு தொடர் நாள் எண் வேண்டும். முடிந்த ஆண்டுகளை 388ஆல் பெருக்குங்கள். முடிந்த ஆண்டுகளின் இருமடங்கை ஐந்தால் வகுத்து, பின்னத்தைத் தள்ளிவிட்டுச் சேருங்கள். ஆண்டில் எத்தனையாவது நாள் என்பதையும் சேருங்கள். 412ஆம் ஆண்டு ஏழாம் மாதம் 10ஆம் தேதியைப் போட்டுப் பார்ப்போம்: 159468 + 164 + 204 = 159836. இதை 31.2ஆல் வகுத்தால் மிஞ்சுவது 29.6. மிச்சம் 0 அமாவாசை, 15.6 பௌர்ணமி என்று வைத்தால், அன்றைக்கு அமாவாசைக்கு ஒன்றரை நாள்தான் பாக்கி. நாள் 24 மணி நேரம் என்றால் நிலவு எழுவதே விடிய ஒன்றேகால் மணி இருக்கும்போது. நீங்கள் அந்த இரவில் ‘பால்நிலவில் கோட்டைச்சுவர் மின்னியது’ என்று எழுதியிருந்தால் தேதியை மாற்றுங்கள், அல்லது கையில் தீவட்டி கொடுங்கள்.

இதே இனத்துப் பிழை, நடுராத்திரியில் உச்சியில் நிற்கும் மூன்றாம் பிறை. அது பொழுது சாய்ந்த இரண்டேகால் மணி நேரத்தில் மேற்கே இறங்கிவிடும். சூரிய கிரகணம் அமாவாசையில்தான், சந்திர கிரகணம் பௌர்ணமியில்தான்.

இரண்டு நிலவு வைப்பவர்கள் இன்னும் கவனம். இரண்டாவது நிலவு 20 நாள் என்றால் இரண்டும் வானில் 55.7 நாளுக்கு ஒருமுறை சந்திக்கும். இதையே இரட்டைப் பௌர்ணமி என்று எழுதிவிடுகிறார்கள். இரண்டும் சேர்ந்து முழுதாக நிற்பது 780 நாளுக்கு ஒருமுறை. ஒரு நாள் முன்பின் ஆனாலும் சரி என்று விட்டுக்கொடுத்தால் 281ஆம், 499ஆம் நாட்களும் தேறும். கோயில் 780 என்று பிடிவாதம் பிடிக்க, ஊர் 281லேயே பொங்கல் வைத்துவிடும்.

ஆண்டு எண்ணிக்கை எங்கிருந்து? சோழர் கல்வெட்டுகள் ‘கோப்பரகேசரிக்கு யாண்டு’ இத்தனை என்று ஆட்சியாண்டைச் சொல்லும். பரகேசரி, ராஜகேசரி என்று மாறி மாறிப் பலர் பட்டம் பூண்டதால் எந்த அரசன் என்பதே சிக்கலாகும். பிரபவ முதல் அட்சய வரையான அறுபது ஆண்டுச் சுற்றிலும் எந்தச் சுற்று என்று தெரியாது. பழைய ஓலை, தொலைந்த வாரிசு என்று கதை போனால் இது போன்ற முறைதான் கைகொடுக்கும். உங்கள் குறிப்பேட்டில் மட்டும் தொடர் எண்ணை விடாதீர்கள்.

பெயர்கள் கடைசியில். சித்திரை, விசாகம் என்று பௌர்ணமி நிற்கும் நட்சத்திரத்திலிருந்து எடுக்கலாம், வயல் வேலையிலிருந்தும் எடுக்கலாம். செப்டம்பர் என்றால் ஏழாவது, வருவதோ ஒன்பதாவதாக. அந்த மாதிரி ஒன்றிரண்டு கோணல் இருக்கட்டும். பக்கத்து நாட்டுக்கு லீப் நாளே கொடுக்காமல் விட்டால் 80 ஆண்டுக்கு 32 நாள், அதாவது ஒரு முழு மாதம் நகரும். 240 ஆண்டு போனால் அவர்களுடைய ‘விதைப்பு’ மாதம் விதைப்புக் காலத்துக்கு மூன்று மாதம் முன்னதாகவே வந்து நிற்கும். எல்லையில் இரு நாட்டாரும் பேசிக்கொள்ளும் இடங்களில் யார் எந்தத் தேதியைச் சொல்கிறார் என்று ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.