பூசுவதற்கு முன் சுவரின் காலத்தைப் பாருங்கள்

பழைய வீடு வாங்கியவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, "மேஸ்திரி, எத்தனை மூட்டை சிமெண்ட் ஆகும்?" என்றுதான். அதற்கு முன் சுவர் எந்தக் காலத்தது என்று பார்த்துவிடுங்கள்.

பூச்சு பெயர்ந்த இடத்தில், செங்கற்களுக்கு நடுவே ஆணியால் சுரண்டுங்கள். வெளிறிய பொடியாக உதிர்ந்தால் சுண்ணாம்புக் காரை. சாம்பல் நிறமாக, ஆணிக்கு மசியாமல் நின்றால் சிமெண்ட். மதுக்கரை சிமெண்ட் ஆலை 1934-லும் டால்மியாபுரம் சிமெண்ட் ஆலை 1939-லும் வந்தபிறகும் சுண்ணாம்பு உடனே போய்விடவில்லை. அதனால் பத்திரத்தில் உள்ள வருஷத்தை மட்டும் நம்ப வேண்டாம்.

அடுத்து அண்ணாந்து பாருங்கள். மரக்கட்டைகள் நெருக்கமாக ஓடி, அவற்றின் மேல் சிறு செங்கற்களைக் குத்துவாக்கில், மூலைவாட்டமாக அடுக்கியிருந்தால் அது மெட்ராஸ் டெரஸ். அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கொட்டி, கடுக்காயும் வெல்லமும் ஊறிய தண்ணீர் தெளித்து, ஆட்கள் வரிசையாக உட்கார்ந்து நாள்கணக்கில் கட்டையால் தட்டி இறுக்கிய தளம் அது. அவ்வளவு உழைப்பு உள்ளே இருக்கிறது. ஒழுகுகிறது என்று அதன் தலையில் கான்கிரீட்டை ஏற்றாதீர்கள். கட்டைகள் அந்தப் பாரத்துக்குப் போட்டவை அல்ல.

ஓட்டு வீடானால் ஒரு ஓட்டைத் திருப்பி முத்திரையைப் படியுங்கள். 1865 என்று இருந்தால் அது பாசல் மிஷன் என்ற சுவிட்சர்லாந்து கிறிஸ்தவ அமைப்பு மங்களூரில் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கிய ஆண்டு, உங்கள் ஓட்டின் வயது அல்ல. காமன்வெல்த் டிரஸ்ட் என்றிருந்தால், அந்த மிஷனின் ஆலைகளை எடுத்து நடத்திய கம்பெனி முதல் உலகப்போருக்குப் பிறகு போட்ட ஓடு.

சுண்ணாம்புச் சுவர் என்று தெரிந்துவிட்டால் சுண்ணாம்பிலேயே பூசுங்கள். அந்தச் சுவர் தரையிலிருந்து ஈரம் இழுக்கும், பூச்சு வழியாகவே விடும். மேலே சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளே தங்கி, உப்புப் பூத்து, செங்கல்லே பொடியும்.

உளுத்த காரையை இணைப்புகளிலிருந்து சுரண்டி எடுத்து, சுவரை நன்றாக நனையுங்கள். தண்ணீர் விட்டு நீர்த்து, ஊறிப் புளித்த சுண்ணாம்பு ஒரு பங்கு, சலித்த மணல் மூன்று பங்கு. கனமாக ஒரே பூச்சு வேண்டாம். மெல்லிசாக இரண்டு மூன்று தடவை, ஒவ்வொன்றும் இறுகியபிறகு அடுத்தது. சுண்ணாம்பு கையைப் புண்ணாக்கிவிடும், கண்ணில் பட்டால் ஆபத்து. உறையும் கண்ணாடியும் கட்டாயம். வெயில் சுள்ளென்று அடிக்கும் பக்கம் நனைத்த சாக்கைத் தொங்கவிடுங்கள். ஐப்பசி, கார்த்திகை மழையில் ஆரம்பிக்காதீர்கள். தை மாதம்தான் தோது.