விவாகரத்து வழக்கு முடியும் முன்பே குழந்தையைப் பார்க்க மனு போடுவது எப்படி?

"கேஸ் முடியட்டும், அப்புறம் குழந்தையைப் பார்த்துக்கலாம்" என்று யார் சொன்னாலும் கேட்காதீர்கள். குடும்பநல நீதிமன்றத்தில் வழக்கு வாய்தா மேல் வாய்தாவாக வருடக்கணக்கில் இழுக்கும். மூன்று வயதில் பிரிந்த பிள்ளை ஐந்து வயதில் உங்களிடம் வரவே தயங்கும், அந்தத் தயக்கமே பிறகு உங்களுக்கு எதிரான வாதமாகிவிடும்.

அதனால் முதல் வேலை இடைக்கால மனு, வக்கீல்கள் ஐ.ஏ. என்பார்கள். இந்து திருமணச் சட்டத்தில் பிரிவு 26, சிறப்புத் திருமணச் சட்டத்தில் பிரிவு 38 இதற்கு வழி தருகின்றன. விவாகரத்து கேட்டது நீங்களா எதிர்த்தரப்பா என்பது முக்கியமில்லை, நடக்கிற வழக்கிலேயே போடலாம். விவாகரத்து வழக்கே இல்லை, பிரிந்து மட்டும் இருக்கிறீர்கள் என்றால் குழந்தையின் பாதுகாவலர் பற்றிய 1890-ஆம் ஆண்டு கார்டியன்ஸ் அண்ட் வார்ட்ஸ் சட்டம் இருக்கிறது, ஆனால் குழந்தை வழக்கமாக வசிக்கும் ஊர் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும்.

ஐந்து வயதுக்கு உட்பட்ட பிள்ளை சாதாரணமாகத் தாயிடம்தான் இருக்கும் என்று 1956-ஆம் ஆண்டு இந்து இளவர் (மைனர்) மற்றும் காப்பாளர் சட்டத்தின் பிரிவு 6 சொல்கிறது. அதை உடைக்கப் போராடும் அப்பாக்கள் பார்க்கும் உரிமையைக் கேட்காமலே காலத்தைக் கடத்திவிடுகிறார்கள். கஸ்டடி, அதாவது பிள்ளையை உடன் வைத்து வளர்க்கும் உரிமை வேறு, சந்திப்பு வேறு. கஸ்டடி கிடைக்காத பெற்றோருக்கும் சந்திக்கவும் போனில், வீடியோ காலில் பேசவும் வழி இருக்க வேண்டும் என்று 2020-இல் ஒரு தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

மனுவில் பலர் கோட்டை விடுவது கோரிக்கைப் பத்தியில்தான். "குழந்தையைச் சந்திக்க அனுமதிக்க வேண்டும்" என்று மட்டும் எழுதினால் உத்தரவும் அப்படியே மொட்டையாக வரும், பிறகு ஒவ்வொரு வாரமும் சண்டை. "ஒவ்வொரு மாதமும் முதல், மூன்றாம் சனிக்கிழமை காலை 10 மணி முதல் மாலை 5 மணி வரை" என்று எழுதுங்கள். எங்கே ஒப்படைப்பது, யார் கூட்டி வருவது, காய்ச்சல் என்றால் மாற்று நாள் எது, தீபாவளி, பொங்கல், பிறந்தநாள், மே மாத விடுமுறையில் எத்தனை நாள், புதன்கிழமை இரவு வீடியோ கால் எத்தனை மணிக்கு, பள்ளியின் பெற்றோர் கூட்டத்துக்குப் போகலாமா, எல்லாம் அதில் இருக்கட்டும். பரஸ்பர சம்மத விவாகரத்து என்றாலும் இதே விவரங்களை ஒப்பந்தத்தில் சேருங்கள், வாய்வார்த்தை போதாது.

கவுன்சலிங்கில் மனைவியின் அல்லது கணவரின் குற்றப் பட்டியலை வாசிக்காதீர்கள். பிள்ளை எந்த வகுப்பு, என்ன சாப்பிடும், எதற்குப் பயப்படும் என்று பேசுங்கள். நீதிமன்றம் முதலில் பார்ப்பது குழந்தையின் நலனைத்தான்.

முதல் சில சந்திப்புகள் நீதிமன்ற வளாகத்திலேயே நடக்கலாம். சுற்றிலும் ஆட்கள், அழுகைச் சத்தம், பிள்ளை அம்மாவின் துப்பட்டாவைப் பிடித்துக்கொண்டு விடாமல் நிற்கும். இழுக்காதீர்கள். தரையில் உட்கார்ந்து கலர் பென்சிலைப் பிரித்து நீங்களே வரைய ஆரம்பியுங்கள், மெதுவாகத் தானாக வரும். "வீட்டில் என்னைப் பற்றி என்ன பேசுறாங்க?" என்று தயவுசெய்து கேட்காதீர்கள், போனை நீட்டி வீடியோ எடுக்காதீர்கள், பாவம் அந்தப் பிள்ளை.

ஜீவனாம்சத்தை நிறுத்தினால் குழந்தையைக் காட்டுவார்கள் என்று நினைக்க வேண்டாம். பணமும் சந்திப்பும் தனித்தனி. அதேபோல் பணம் வரவில்லை என்று சந்திப்பைத் தடுப்பதும் தவறு.

உத்தரவு இருந்தும் காட்டவில்லை என்றால் பள்ளி வாசலில் போய்ப் பிள்ளையைத் தூக்காதீர்கள், அது உங்கள் வழக்கையே கெடுக்கும். சொன்ன நேரத்துக்குச் சொன்ன இடத்தில் நில்லுங்கள், "வந்து காத்திருக்கிறேன்" என்று மெசேஜ் அனுப்புங்கள், அதைத் தேதிவாரியாகச் சேர்த்து வையுங்கள். அடுத்த வாய்தாவிலேயே உத்தரவை நிறைவேற்றக் கோரி மனு போடும்போது அந்த மெசேஜ்களை பிரமாணப் பத்திரத்தோடு இணைத்துக் கொடுங்கள்.