மொத்தமா ஸ்பீட் போஸ்ட் அனுப்ப போஸ்ட் ஆபீஸ்ல அக்கவுண்ட் வாங்குறது எப்படி? (சின்ன வியாபாரிகளுக்கு)

காரைக்குடியில கண்டாங்கி சேலை வியாபாரம் பண்றேன். 2019ல கண்டாங்கிக்கு புவிசார் குறியீடு கிடைச்சதுல இருந்து வெளியூர்ல கேக்குறவங்க ஜாஸ்தி, தீபாவளி நேரத்துல ஒரு நாளைக்கு 30 பார்சல் போகும், அத்தனையையும் கவுண்டர்ல ஒவ்வொண்ணா எடை போட்டு புக் பண்ணா பின்னாடி பாஸ்புக் வச்சிட்டு நிக்கிற ஆச்சிமாருக்கு கால் வலிச்சிரும், எனக்கும் கடை திறக்க மதியம் ஆயிடும். உங்களுக்கும் இதே நிலைமைனா தயங்காம இந்த அக்கவுண்ட் வாங்கிடுங்க.

முதல்ல யார்கிட்ட கேக்கணும்னு தெரிஞ்சுக்கோங்க. கவுண்டர்ல இருக்கவங்க பார்சல் புக் பண்றவங்க, அனுமதி குடுக்குறது கோட்ட கண்காணிப்பாளர் ஆபீஸ். காரைக்குடி தனி அஞ்சல் கோட்டம், சிவகங்கை தனிக் கோட்டம், உங்க ஊரு எதுல வருதுன்னு உங்க ஊரு போஸ்ட்மாஸ்டர்கிட்ட கேட்டாலே சொல்லிடுவாங்க. அந்த ஆபீஸ்ல மார்க்கெட்டிங் பாக்குறவர் யாருன்னு கேட்டு நேர்ல போய் பேசுங்க, போன்ல பேசுறத விட நேர்ல போனா வேலை சீக்கிரம் முடியும்.

போகும்போது கடை லெட்டர்பேட்ல ஒரு கடிதம் கொண்டு போங்க. மாசம் எத்தனை பார்சல், சராசரி எடை என்ன, எந்தெந்த ஊருக்கு போகுது, எந்த போஸ்ட் ஆபீஸ்ல கொண்டு வந்து குடுப்பீங்க, இந்த நாலும் அதுல இருக்கணும். கூட பான் கார்டு, ஜிஎஸ்டி சான்றிதழ், கடை முகவரிக்கு ஒரு ஆதாரம். ஜிஎஸ்டி நம்பர மறக்காதீங்க, ஸ்பீட் போஸ்ட்டுக்கு 18% வரி இருக்கு, பில்லுல உங்க நம்பர் இருந்தாதான் அந்த வரிய கணக்குல கழிச்சுக்க முடியும் (காம்போசிஷன்னு சொல்ற சின்ன வியாபாரிகளுக்கான ஜிஎஸ்டி திட்டத்துல இருக்கவங்களுக்கு இது கிடையாது).

பணம் கட்ட ரெண்டு வழி. முன்பணம் கட்டி வச்சு அதுல இருந்து கழிச்சிட்டே வர்றது ஒண்ணு. இப்ப புக் பண்ணிட்டு மாசக் கடைசில பில் கட்டுற 'புக் நவ் பே லேட்டர்' இன்னொண்ணு, இதுக்கு டெபாசிட்டோ பேங்க் கியாரண்டியோ கேப்பாங்க. புதுசா ஆரம்பிக்கிறவங்களுக்கு முன்பணம் போதும்னு நான் சொல்வேன், கியாரண்டில பணத்த முடக்குறதுக்கு ரெண்டு தறி நூல் வாங்கி போடலாம். 2025 அக்டோபர் 1ல இருந்து வந்த புது கட்டணத்தோட புது பல்க் வாடிக்கையாளருக்கு 5% தள்ளுபடியும் அறிவிச்சிருக்காங்க, அத கேட்டு வாங்குங்க. கேட்லாக், பத்திரிகை மாதிரி 50 கிராமுக்குள்ள இருக்க தபால்னா உள்ளூருக்கு 19 ரூபாய், வெளியூருக்கு எவ்வளவு தூரம்னாலும் 47 ரூபாய், வரி தனி. சிஓடி, அதாவது பார்சல் குடுக்கும்போது வாடிக்கையாளர்கிட்ட பணம் வாங்குற வசதி வேணும்னா அக்ரிமெண்ட் போடும்போதே சொல்லிடுங்க.

அக்ரிமெண்ட்ல கையெழுத்து போட்டதும் உங்களுக்கு ஒரு கஸ்டமர் ஐடியும் பார்கோடு நம்பர் வரிசையும் குடுப்பாங்க. நம்பர் மொத்தம் 13 எழுத்து, முதல்ல ரெண்டு இங்கிலீஷ் எழுத்து, நடுவுல 9 இலக்கம், கடைசில ஐஎன். அந்த 9ல கடைசி இலக்கம் சரிபார்ப்பு இலக்கம், மத்த எட்ட வச்சு கணக்கு போட்டு வர்றது, அதனால நீங்களா அடுத்த நம்பர் இதுதான்னு ஒண்ணு கூட்டி எழுதினா சிஸ்டம் எடுக்காது, குடுத்த வரிசையில இருந்து அப்படியே ஒட்டுங்க.

இனி பார்சலோட சேத்து குடுக்குற முகவரி லிஸ்ட், உண்மையான வேலையே இதுலதான் இருக்கு. நம்ம பக்கம் விலாசம்னா நகரத்தார் வீட்டு இனிஷியல் வரிசை, நாலஞ்சு எழுத்த சொன்னாலே ஊரு போஸ்ட்மேன் வீட்டு வாசல்ல கொண்டு வந்து குடுத்துடுவாரு, ஆனா பார்சல பிரிக்கிறது பின்கோடு பாத்துதான். அதனால விலாசத்த பேரு வரியிலயே வச்சிட்டு கதவு எண், தெரு, பின்கோடு மூணையும் தனித்தனி காலம்ல போடுங்க. ஒருத்தவங்க ராமநாதபுரம்னு மட்டும் எழுதி இருந்தாங்க, நம்ம பக்கத்து ராமநாதபுரம்தானேன்னு நான் 623501 போட்டுட்டேன், அவங்க இருந்ததோ கோயம்புத்தூர் ராமநாதபுரம், 641045. கல்யாணத்துக்கு எடுத்த சேலை, கல்யாணம் முடிஞ்ச பிறகுதான் போய் சேந்துச்சு. அந்த அம்மா ஒரு வார்த்தை திட்டல, அதுதான் எனக்கு இன்னும் கஷ்டமா இருக்கு. இப்ப பின்கோட வாடிக்கையாளர்கிட்டயே கேட்டு வாங்குறேன், நானா போடுறதே இல்ல.

எக்செல்ல போன் நம்பர் காலத்த டெக்ஸ்ட்டா மாத்திடுங்க, 91 சேத்து 12 இலக்கம் அடிச்சா அது 9.19E+11 மாதிரி சுருக்கி காட்டும், அப்படியே ஏத்தினா போஸ்ட்மேன் யாருக்கு போன் பண்ணுவாரு?

கொண்டு போகும்போது பின்கோட்ல முதல் மூணு இலக்கம் ஒண்ணா இருக்கறத ஒரே கட்டா கட்டுங்க, லேபிள் எல்லாம் ஒரே பக்கம் பாக்கணும். லிஸ்ட் ரெண்டு காப்பி, ஒண்ணுல முத்திரை வாங்கி வச்சுக்கோங்க. மாச பில் வந்ததும் அந்த காப்பிய பக்கத்துல வச்சு ஒவ்வொரு வரியா டிக் பண்ணுங்க, எடை மாறியிருந்தா அதே வாரம் எழுதி குடுங்க.