கொச்சியில் மூன்று நாள்: திட்டமிடுவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தமிழ்நாட்டிலிருந்து கொச்சிக்குச் செல்லும் சிறு குழுக்களுக்குப் பயணத் திட்டம் வகுத்துக் கொடுப்பதும், வாய்ப்புள்ளபோது அவர்களுடன் செல்வதும் நான் தொடர்ந்து செய்துவரும் வேலை. முதன்முறையாகப் போகிறவர்கள் தங்கள் திட்டத்தை என்னிடம் காட்டும்போது, அதில் உள்ள தவறுகள் எப்போதும் பழைய தவறுகளாகவே இருக்கின்றன. அறையை முன்பதிவு செய்யாமல் போவது, ஜூன் முதல் செப்டம்பர் வரை மழை கொட்டும் என்பதை மறப்பது போன்றவற்றை எவரும் சொல்லித் தெரிய வேண்டியதில்லை என்பதால் அவற்றை விட்டுவிடுகிறேன். வரலாற்றைப் பார்க்கவென்றே புறப்பட்டுப் போய், அதைப் பார்க்காமலே திரும்ப வைக்கும் தவறுகளைப் பற்றி மட்டும் இங்கே எழுதுகிறேன்.

கிழமையைப் பார்க்காமல் திட்டம் போடுவது

வியாழன் இரவு ரயிலேறி, வெள்ளி காலை கொச்சியின் ரயில் நிலையம் உள்ள எர்ணாகுளத்தில் இறங்கி, ஞாயிறு மாலை ஊர் திரும்புவதுதான் நம்மவர்கள் பெரும்பாலும் போடும் திட்டம். ஒரு நாள் விடுப்பு எடுத்தால் போதும் என்பதால் அது வசதியாகத் தோன்றுகிறது. ஆனால் கொச்சியின் பழைய இடங்களைப் பார்ப்பதற்கு வாரத்தில் மிகவும் இடைஞ்சலான மூன்று நாள்கள் இவையே. டச்சு அரண்மனை என்று பலரும் அழைக்கும் மட்டாஞ்சேரி அரண்மனைக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. அங்கிருந்து சில நிமிட நடையில் இருக்கும் பரதேசி யூதர் ஆலயத்தை வெள்ளி பிற்பகலில் பார்க்க முடியாது. சனிக்கிழமை அது திறப்பதே இல்லை. ஞாயிறு காலையில் பழைய நகர்ப் பகுதியான ஃபோர்ட் கொச்சியின் புனித பிரான்சிஸ் தேவாலயத்தில் வழிபாடு நடப்பதால், சுற்றிப் பார்க்க வருகிறவர்கள் அது முடியும்வரை காத்திருக்க வேண்டும். வெள்ளியன்று மதிய உணவு முடித்து மட்டாஞ்சேரிக்குப் போகிற குடும்பம், மூடிய இரண்டு கதவுகளையும் நினைவுப்பொருள் கடைகளையும் மட்டுமே பார்க்கிறது.

இதற்குக் காரணம் நிர்வாகத்தின் அலட்சியம் அன்று. யூதர்களுக்கு வெள்ளி மாலை சூரியன் மறைந்ததும் ஓய்வுநாள் தொடங்கி, சனி மாலைவரை நீடிக்கிறது. 1568-இல் கட்டப்பட்ட அந்த ஆலயத்தைச் சேர்ந்த மக்களில் மிகப் பெரும்பாலோர் 1948-க்குப் பிறகு இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்துவிட்டார்கள். ஆனாலும் அவர்களுடைய நாள்காட்டி அந்தக் கதவை இன்றும் ஆள்கிறது. யூதர்களின் பண்டிகை நாள்களிலும் ஆலயம் திறக்காது. செப்டம்பர், அக்டோபரில் இப்பண்டிகைகள் அடுத்தடுத்து வருவதால், அம்மாதங்களில் போகிறவர்கள் கூடுதல் கவனத்துடன் இருக்க வேண்டும். கொச்சியைப் பார்க்க வேண்டிய ஊராக ஆக்கியது இந்தப் பல சமூகத்தாரின் வாழ்க்கைதான். அவர்களின் ஓய்வுநாளை இடையூறாக நினைக்காமல், முதலில் அவற்றைக் குறித்துக்கொண்டு, அதன்பிறகு ரயில் பயணச்சீட்டு வாங்குவதே முறை.

இந்தத் தவறு எனக்கு இன்றும் எரிச்சலூட்டுவதற்கு ஒரு காரணம் உண்டு. சில ஆண்டுகளுக்கு முன், ஒரு வெள்ளிக்கிழமை, அரண்மனை வாசலில் ஓர் ஓய்வுபெற்ற ஓவிய ஆசிரியையையும் அவருடைய மகளையும் சந்தித்தேன். அரண்மனைச் சுவரோவியங்களை நேரில் பார்க்க வேண்டும் என்பது அந்த அம்மாவின் நெடுநாள் விருப்பம். மன்னரின் பள்ளியறைச் சுவர்களில் இராமாயணக் காட்சிகள், தசரதனின் வேள்வி தொடங்கி அயோத்திக்குத் திரும்புவது வரை, உருவங்களுக்கிடையே வெற்றிடமே இல்லாதபடி தீட்டப்பட்டிருக்கின்றன. காவியும் மஞ்சளும் பச்சையும் கலந்த அந்த நிறச் செறிவை அறையின் நடுவில் நின்று பார்த்தால்தான் உணர முடியும். உள்ளே படமெடுக்கவும் அனுமதி இல்லை. ஒரு பயண ஏற்பாட்டு நிறுவனம் அச்சிட்டுக் கொடுத்திருந்த தாளில், வெள்ளி பிற்பகலுக்கு நேராக “அரண்மனை, ஒரு மணி நேரம்” என்று இருந்தது. சனிக்கிழமைக்கு ஆலப்புழைப் படகு வீட்டுக்கு முழுப் பணமும் கட்டியாகிவிட்டது. ஞாயிறு காலை அங்கிருந்தே ரயில். மகள் அந்த நிறுவனத்தை அழைத்துக் கேட்டபோது, அடுத்த முறை வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்ற பதில்தான் கிடைத்தது. முழங்கால் வலியோடு அவ்வளவு தொலைவு வந்திருந்த அந்த அம்மா, கோபப்படாமல், பூட்டிய கட்டடத்தின் வெளிப்புறத்தைச் சிறிது நேரம் பார்த்துவிட்டுப் போய்விட்டார். பணம் வாங்கிக்கொண்டு திட்டம் வகுப்பவர்களுக்கு அரண்மனையின் விடுமுறை நாள் தெரியாமலிருப்பதை என்னால் பொறுத்துக்கொள்ள முடிவதில்லை. ஒரே ஒரு தொலைபேசி அழைப்பில் தீர்ந்திருக்க வேண்டியது அது.

இயன்றால் செவ்வாய், புதன், வியாழன் ஆகிய மூன்று நாள்களில் செல்லுங்கள். திங்களை நான் விலக்குவதற்குக் காரணம், திருப்பூணித்துறை மலை அரண்மனை அருங்காட்சியகம் அன்று மூடப்பட்டிருக்கும் என்பதே. வார இறுதியைத் தவிர்க்க இயலாதவர்கள் வரிசையை மாற்றிக்கொள்ளலாம். வெள்ளி காலை ரயிலிலிருந்து இறங்கியதும், அறையில் பைகளை வைத்துவிட்டு, முற்பகலிலேயே நேராக யூதர் ஆலயத்துக்குச் சென்றுவிடுங்கள்; சீனாவிலிருந்து 18-ஆம் நூற்றாண்டில் வரவழைக்கப்பட்ட, கையால் தீட்டிய நீலமும் வெள்ளையுமான தரை ஓடுகளைக் கூட்டமில்லாத நேரத்தில் பார்ப்பது தனி இன்பம். சனிக்கிழமை அரண்மனை திறக்கும்போதே உள்ளே இருங்கள். பிரான்சிஸ் தேவாலயத்தையும் அன்றே பார்த்துவிடலாம். 1524-இல் கொச்சியில் இறந்த வாஸ்கோட காமாவை முதலில் அடக்கம் செய்த இடம் அதுதான்; உடல் பின்னர் போர்ச்சுகலுக்கு எடுத்துச் செல்லப்பட்டது, கல்லறைக் கல் மட்டும் தங்கிவிட்டது. எந்தக் கிழமையானாலும், முந்தைய நாள் தொலைபேசியில் ஒருமுறை உறுதி செய்துகொள்ளத் தவறாதீர்கள்.

எர்ணாகுளத்தில் தங்கி, காரிலேயே போய்வருவது

ரயில் நிலையத்துக்கு அருகே அறை மலிவாகக் கிடைக்கிறது என்று எர்ணாகுளத்தில் தங்குகிறார்கள். அங்கிருந்து சாலை வழியே ஃபோர்ட் கொச்சிக்குச் செல்ல வேண்டுமானால் பாலங்களைக் கடந்து, வெலிங்டன் தீவையும் தோப்பும்படியையும் சுற்றிக்கொண்டு போக வேண்டும். மாலை நேர நெரிசலில் அது பொறுமையைச் சோதிக்கும். குறுகிய பயணத்தில், தங்குவதை ஃபோர்ட் கொச்சியிலேயே வைத்துக்கொள்வது நல்லது. விடியற்காலையில் வெயிலும் வண்டிகளும் வருவதற்கு முன் பழைய தெருக்களில் நடப்பது அங்கே தங்குபவர்களுக்கு மட்டுமே கிடைக்கும்.

எர்ணாகுளத்தில்தான் தங்கியாக வேண்டும் என்றால், படகில் போய்வாருங்கள். அரசு நீர்ப் போக்குவரத்துத் துறையின் படகுகள் நெடுங்காலமாக ஓடுகின்றன; 2023-இல் தொடங்கிய வாட்டர் மெட்ரோ என்ற படகுச் சேவையும் உயர்நீதிமன்றப் படகுத்துறையிலிருந்து ஃபோர்ட் கொச்சிக்கு 2024 முதல் இயங்குகிறது. இந்த ஊரைப் புரிந்துகொள்ளவும் அந்தப் படகுப் பயணம் உதவும். வழியில் தெரியும் வெலிங்டன் தீவு, ராபர்ட் பிரிஸ்டோ என்ற பொறியாளரின் தலைமையில் துறைமுகத்தை ஆழப்படுத்தித் தோண்டிய மண்ணைக் கொட்டி உருவாக்கப்பட்டது. கப்பல்கள் உள்ளே வரும் வழியைத் தண்ணீரிலிருந்து பார்த்தவர்களுக்கு, போர்ச்சுகீசியரும், 1663-இல் டச்சுக்காரரும், 1795-இல் ஆங்கிலேயரும் இந்த முகத்துவாரத்தைக் கைப்பற்ற ஏன் முனைந்தார்கள் என்று தனியே விளக்க வேண்டியிருக்காது. கடைசிப் படகின் நேரத்தை மட்டும் போகும்போதே படகுத்துறையில் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

மூணாறையும் சேர்த்துக்கொள்வது

மூன்று நாளில் வேண்டாம்.

கொச்சியில் முசிறியைத் தேடுவது

சங்கப் பாடல்கள் படித்தவர்கள் செய்யும் தவறு இது. அவர்கள் மீது எனக்கு மரியாதை உண்டு என்பதால் சற்று விரிவாகச் சொல்கிறேன். யவனரின் கலங்கள் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பியதாக அகநானூறு பாடும் முசிறித் துறைமுகம், கொச்சி நகருக்குள் இல்லை. அது வடக்கே, கொடுங்ஙல்லூர், பறவூர்ப் பகுதியைச் சார்ந்தது. 1341-இல் பெரியாற்றில் ஏற்பட்ட பெருவெள்ளம் பழைய துறையைத் தூர்த்து, கொச்சியின் முகத்துவாரத்தைத் திறந்துவிட்டது என்பது வழிவழியாகச் சொல்லப்படும் வரலாறு. பட்டணம் என்ற சிற்றூரில் 2007 முதல் நடந்த அகழாய்வில் ரோமானியர் காலத்து மதுச்சாடிகளின் ஓடுகள் ஏராளமாகக் கிடைத்தன. ஆனால் அங்கே நின்று பார்ப்பதற்கு மாமல்லபுரம்போல எழுந்து நிற்கும் கட்டடம் எதுவும் இல்லை. அதை எதிர்பார்த்துப் போகிறவர்கள் தென்னந்தோப்பைப் பார்த்துவிட்டு ஏமாந்து திரும்புகிறார்கள். முசிறியைப் பார்க்க விரும்பினால், பறவூர், சேந்தமங்கலம் யூதர் ஆலயங்களையும் கொடுங்ஙல்லூர் சேரமான் பள்ளிவாசலையும் சேர்த்து ஒரு முழு நாள் ஒதுக்குங்கள். மட்டாஞ்சேரிக்குப் போகும் நாளின் மாலையில் அதைச் செருகாதீர்கள்.

சீன வலைகளை மாலையில் மட்டும் பார்ப்பது

ஃபோர்ட் கொச்சிக் கரையிலுள்ள இந்த மீன்பிடி வலைகளைச் சூரியன் மறையும்போது படமெடுக்கவே கூட்டம் கூடுகிறது. காலையில் போனால், கற்களை எதிர்ப்பாரமாகத் தொங்கவிட்ட அந்தப் பெரிய மரச் சட்டத்தை நான்கைந்து பேர் சேர்ந்து இறக்கி ஏற்றுவதையும், கரையிலேயே மீன் விலைபோவதையும் நிதானமாகப் பார்க்கலாம். கயிற்றைப் பிடித்து இழுத்துப் பார்க்க அழைத்தால், அதற்குப் பணம் எதிர்பார்ப்பார்கள். அவர்களுடைய வேலை நேரத்தை எடுத்துக்கொள்கிறோம் என்பதால் கொடுப்பதுதான் நியாயம்.

டிசம்பர் 31

பழைய ஆண்டை வழியனுப்ப, பப்பாஞ்ஞி என்ற பெரிய கிழவன் உருவத்தை நள்ளிரவில் எரிப்பதைப் பார்க்கப் பெருங்கூட்டம் கூடும். முதியவர்களையும் குழந்தைகளையும் அன்று ஃபோர்ட் கொச்சிக்கு அழைத்துப் போகாதீர்கள்.

பினாலே இல்லாத ஆண்டில் பினாலேவுக்குப் போவது

2012-இல் தொடங்கிய கொச்சி முசிறிஸ் பினாலே என்ற சமகாலக் கலைக் கண்காட்சி ஆண்டுதோறும் நடப்பதன்று. நடக்கும் பருவத்திலும் டிசம்பரில் தொடங்கிச் சில மாதங்களே நீடிக்கும். தேதியைப் பார்த்துவிட்டு விடுப்புக்கு விண்ணப்பியுங்கள்.

கதகளிக்கு ஆட்டம் தொடங்கும் நேரத்தில் போவது

ஃபோர்ட் கொச்சியின் கதகளி அரங்குகளில், ஆட்டத்துக்கு முன்பே பார்வையாளர்களை உள்ளே விட்டு, நடிகர்கள் வேடம் இட்டுக்கொள்வதைக் காண அனுமதிக்கிறார்கள். நற்குண நாயகர்களுக்குரிய பச்சை வேடத்துக்கு முகத்தில் வண்ணம் ஏறுவதையும், தாடையோரம் சுட்டி என்ற வெண்ணிற விளிம்பு ஒட்டப்படுவதையும் பார்த்தவர்களுக்கு, பிறகு மேடையில் கண்ணும் புருவமும் பேசுவது எளிதில் பிடிபடும். ஆகவே குறைந்தது ஒரு மணி நேரம் முன்னதாகப் போங்கள். முன்வரிசை வேண்டுமானால், அன்று காலையிலேயே நுழைவுச்சீட்டை வாங்கிவிடுங்கள்.